ஜேர்மன் தொலைக்காட்சிக்காக நான் செத்த நாள்

நான் ஒருமுறை செத்திருக்கிறேன். பிளாக்ஹவுஸ் பேயில், மழை தூறிய ஓர் ஓகஸ்ட் மாதத்து வியாழக்கிழமை, ஜேர்மன் தொலைக்காட்சிக்காக. செத்தவர்கள் பொதுவாக அந்த அனுபவத்தை எழுதுவதில்லை. அந்தக் குறையை நான் தீர்த்துவைக்க வேண்டும் என்று யாரும் என்னைக் கேட்கவும் இல்லை. ஆனாலும் எழுதுகிறேன்.

எண்பதுகளின் நடுப்பகுதி. நானும் மனைவியும் ஒக்லண்டுக்கு வந்து அதிக காலம் ஆகவில்லை. எனக்கு எல்லர்ஸ்லியில் ஒரு காப்புறுதிக் கந்தோரில், கணக்குப் பகுதியில் வேலை. மனைவி முதியோர் இல்லம் ஒன்றில் தாதி. பிளாக்ஹவுஸ் பேயில் சரிவான தெரு ஒன்றில் ஒரு மரவீடு. மேல்தளத்தை நாங்கள் வாடகைக்கு எடுத்திருந்தோம். கீழ்த்தளம் இருட்டு, ஈரம், சுவரெல்லாம் பூஞ்சணம். அதை யார் எடுப்பார் என்று நாங்கள் சிரித்துக்கொண்டிருந்தபோது, ஒரு சூட்கேசும் ஒரு தட்டச்சு இயந்திரமுமாக வந்து இறங்கினார் ஜேர்மன்காரர்.

உயரமான மனிதர். அறுபதை எட்டிப் பார்க்கும் வயது. பார்த்தால் ஓய்வுபெற்ற பாதிரியார் மாதிரி இருப்பார். வந்த முதல் கிழமையே, என்ன தொழில் என்று கேட்டேன்.

"ஆட்களைக் கொல்லுவது," என்றார். "வெள்ளிக்கிழமைகளில்."

(அவர் பேசியது ஜேர்மன் வாசமடிக்கும் ஆங்கிலம். நான் பேசியது யாழ்ப்பாண வாசமடிக்கும் ஆங்கிலம். இரண்டையும் கழுவித் தமிழில் தருகிறேன்.)

தொலைக்காட்சிக்கும் சினிமாவுக்கும் கதை வசனம் எழுதுகிறவர் என்பது அவர் போட்ட இரண்டாவது கோப்பியில்தான் தெரிந்தது. அவருடைய எழுத்து வாழ்க்கை சூப்பில் தொடங்கியது. ஒரு பக்கற்சூப் விளம்பரத்துக்கு அரை நிமிடத்தில் ஒரு குடும்பக் கதை எழுதிக் கொடுத்தாராம்: அப்பா கோபித்துக்கொண்டு வெளியே போகிறார், சூப் மணக்கிறது, அப்பா திரும்பி வருகிறார். அதைப் பார்த்த ஒருவர், இந்த மனிதனுக்குக் கதை வருகிறது என்று தொலைக்காட்சிக்குக் கூட்டிப்போனார். அங்கே துப்பறியும் தொடர். வெள்ளிக்கிழமை இரவு ஜேர்மன் சனம் குடும்பத்தோடு உட்கார்ந்து ஒரு கொலையைப் பார்த்துவிட்டுத்தான் படுக்குமாம், நாங்கள் வெள்ளிக்கிழமை மீன், இறைச்சி என்று மச்சம் எல்லாவற்றையும் விலக்கிக் கோயிலுக்குப் போகிற மாதிரி. அந்தக் கொலைகளை வருடக்கணக்காக எழுதியவர் இவர். வாழ்க்கையைத் தொடக்கிவைத்த சூப்பை அவர் மறக்கவில்லை. அவருடைய கதைகளில் சாகிறவன் சாவதற்கு முன்பும், இன்ஸ்பெக்டர் கண்டுபிடிப்பதற்கு முன்பும் ஒரு கோப்பை சூப் குடிப்பார்கள்.

"கத்தியால் கொன்றேன், ரயிலால் கொன்றேன், ஒருமுறை பியானோவால்கூடக் கொன்றேன்," என்றார் கவலையாக. "கடைசியில் கொல்ல ஆள் மிஞ்சவில்லை. பல்வைத்தியர்களாகவே கொன்றுகொண்டிருந்தேன். என் பல்வைத்தியர் என்னோடு பேசுவதை நிறுத்திவிட்டார்."

இடையில் கொலை வேண்டாமென்று ஒரு சினிமா எழுதியிருக்கிறார். கலங்கரை விளக்கத்தைக் காவல் காக்கும் ஒரு மனிதனைப் பற்றி இரண்டு மணி நேரம். படத்தில் யாரும் சாகவில்லை, பார்த்தவர்கள்தான் செத்தார்கள் என்று ஒரு பத்திரிகை எழுதியதாம். அவருடைய அம்மாமட்டும் இரண்டுதரம் பார்த்தார். இரண்டாம் தரம் குடையை எடுக்கப் போனவர்.

அதற்குப் பிறகு வெள்ளிக்கிழமையும் கைநழுவியது. இளைஞர்கள் வந்துவிட்டார்கள். மிஞ்சியது ஒரேயொரு வாய்ப்பு. அவரோடு பழைய நாளில் வேலை செய்த ஒரு தயாரிப்பாளர் அம்மையார், உலகத்தின் அடுத்த மூலையில் நடக்கிற ஒரு முழுநீளக் கொலைக்கதை எழுதித் தா, நானே வந்து கேட்கிறேன், பிடித்தால் அங்கேயே படம் எடுப்போம் என்று அனுப்பிவைத்திருந்தார். பிடிக்காவிட்டால்?

"சூப்," என்றார் ஜேர்மன்காரர். திரும்பவும் பக்கற்சூப் விளம்பரத்துக்கே போக வேண்டியதுதான் என்று அர்த்தம்.

அவர் வேலை செய்யும் முறை விசித்திரமானது. ஒவ்வொரு காட்சியையும், படம் இங்கேதானே எடுப்பார்கள் என்று ஆங்கிலத்திலேயே, ஒரு மட்டையில் எழுதி, உடுப்புக் காயப்போடும் கொடியில் கிளிப்பால் கொளுவிவிடுவார். பிறகு கொடியின் கீழே அங்குமிங்கும் நடந்து, இரண்டாவது காட்சியைக் கழற்றி ஏழாவதற்குப் பக்கத்தில் கொளுவுவார். ஒக்லண்டின் ஓகஸ்ட் மாதம் தெரிந்தவர்களுக்கு இதன் ஆபத்துப் புரியும். காலையில் வெயில், பத்து நிமிடத்தில் மழை, அதற்குள் ஒரு காற்று. பக்கத்து வீட்டுக் கிழவி ஒருநாள் தன் முட்டைக்கோவாப் பாத்தியில் கிடந்த மட்டை ஒன்றைக் கொண்டுவந்து கொடுத்துவிட்டு, எங்களைப் பார்த்த பார்வை இன்னும் ஞாபகம். மட்டையில் ஆங்கிலத்தில் எழுதியிருந்தது: 'அவனை எங்கே புதைப்பது?'

மழைக்காலத்தில் எங்களுக்கும் அவருக்கும் ஒரே கொடிதான், வீட்டுக்கு அடியில்.

"இஞ்சருங்கோ," என்றாள் மனைவி. "கீழ் மனுசன் என்ர சாறிக்குப் பக்கத்தில ஒரு பிணத்தைக் காயப்போட்டிருக்கிறார்."

"அது பிணமில்லையப்பா. காட்சி."

"என்னவா இருந்தாலும் ஈரம் பட்டா மை வடியும். சாறி வெள்ளை. சொல்லிவையுங்கோ."

சொல்லப் போன நான், மட்டைகளை வாசிக்கத் தொடங்கி அங்கேயே நின்றுவிட்டேன். கதை இதுதான். ஒக்லண்டில் ஒரு டெய்ரி, அதாவது தெருமுனைப் பெட்டிக்கடை, வைத்திருக்கும் மனிதன் கொல்லப்படுகிறான். ஜேர்மனியிலிருந்து விடுமுறைக்கு வந்த இன்ஸ்பெக்டர் துப்புத் துலக்குகிறார். சூப் உண்டு. நடுவில் ஒரு மட்டை வெறுமையாகத் தொங்கியது.

"அதுதான் கதையின் இதயம்," என்றார் ஜேர்மன்காரர். "செத்தவனின் மனைவி தனியாக நிற்கும் காட்சி. அம்மையார் அழவேண்டும். அழாவிட்டால் சூப். செத்தவனைச் சீக்கியனாக்கவா, சீனனாக்கவா என்றே தெரியவில்லை."

"தமிழனாக்குங்கோ," என்றேன் நான்.

இந்த இடத்தில் என் கலைவாழ்க்கையைப் பற்றிச் சொல்ல வேண்டும். பள்ளிக்கூட நாடகத்தில் எனக்குக் கிடைத்த மிகப் பெரிய வேடம் அரண்மனைத் தூண். தூணுக்கு வசனம் இல்லை. உணர்ச்சிக் கட்டத்தில் அரசன் வந்து சாய்ந்தான், நான் விழுந்தேன். அதன் பிறகு என்னை எந்த அரண்மனையிலும் சேர்க்கவில்லை. அப்படிப்பட்டவனிடம் ஒரு ஜேர்மன் எழுத்தாளர் வந்து, உங்கள் சனம் செத்தவீட்டில் என்ன செய்யும் என்று கேட்டால் விடுவானா? ஒரு பின்னேரம் முழுக்கச் சொன்னேன். செத்தவரின் படத்தைச் சுவரில் வைத்து மாலை போடுவோம். முன்னால் சின்ன விளக்கு எரியும். அந்த வீட்டில் அடுப்பு மூட்டுவதில்லை, அயலவர்களும் சொந்தக்காரரும் சோறு கறி கொண்டுவருவார்கள். தளபாடங்களை வெளியே எடுத்துவிட்டு நிலத்தில் உட்காருவோம். உயிரோடு இருக்கிறவரின் படத்துக்கு மறந்தும் மாலை போடமாட்டோம். ஜேர்மன்காரர் கண்ணிமைக்காமல் கேட்டார்.

"படம்," என்றார். "மாலை. சிவப்பு விளக்கு. முன்னால் அவள், தனியாக. வசனமே வேண்டாம்." வெறும் மட்டையைக் கழற்றி, அந்த இடத்திலேயே எழுதினார். பிறகு என்னை மேலும் கீழும் பார்த்தார். "செத்தவனுக்கு ஒரு முகம் வேண்டுமே?"

நான் தலைமயிர் இல்லாத தலையைத் தடவிக்கொண்டேன். "என்னட்டை ஒரு படம் இருக்கு," என்றேன்.

அது என் மாப்பிள்ளைப் படம். கல்யாணம் பேசியபோது பெண்வீட்டுக்கு அனுப்புவதற்காக யாழ்ப்பாணத்து ஸ்டூடியோ ஒன்றில் எடுத்தது. அதில் எனக்குத் தலைமயிர் இருந்தது, அலையலையாக இருந்தது. கன்னத்துக்குக் கீழே ஸ்டூடியோக்காரர் பென்சிலால் கொஞ்சம் தாடையும் சேர்த்துக் கொடுத்திருந்தார். மனைவி அதை அலுமாரியில் சாறிகளுக்கு அடியில் வைத்திருந்தாள். உயிரோடு இருக்கிறவருக்கு மாலை ஆகாது என்று என் வாயாலேயே சொன்னேன் அல்லவா? சொன்னது மற்றவர்களுக்கு. இது கலை. அதோடு நடிக்கத் தேவையில்லாத வேடம், தூணைவிடச் சுலபம். படப்பிடிப்பு எல்லாம் முடிந்த பிறகு மனைவியிடம் சொல்லலாம் என்று இருந்தேன்.

வியாழக்கிழமை தயாரிப்பாளர் அம்மையார் வந்து இறங்குவதாக இருந்தது. அவர் வந்ததும் அந்தக் காட்சியை நேரிலேயே காட்டிவிட வேண்டும் என்பது ஜேர்மன்காரரின் திட்டம். கீழ்த்தளத்தில் பூஞ்சணச் சுவரில் படம் எடுபடாது. ஆகவே எங்கள் முன்னறை. மனைவி வேலைக்குப் போன பிறகு அவரிடம் வீட்டுக் கதவுத் திறப்பைக் கொடுத்துவிட்டு, மாலைக்குள் எல்லாவற்றையும் கழற்றிவிட வேண்டும் என்று சொல்லி நான் எல்லர்ஸ்லிக்குப் பஸ் ஏறினேன். பெரிதாக்கிச் சட்டம் போட்ட என் படத்தைச் சுவரில் மாட்டி, வேலியோரத்துக் கமேலியாப் பூக்களைத் தூண்டில் நரம்பில் தானே கோத்து மாலையாகப் போட்டு, சிவப்பு மின்குமிழ் ஒன்றை எரியவிட்டு, எட்ட நின்று பார்த்துத் திருப்திப்பட்டு, கதவைப் பூட்டாமலே விமான நிலையத்துக்குப் போயிருக்கிறார் மனிதர். உணர்ச்சிவசப்பட்டிருந்தாராம்.

அந்த நேரம் பார்த்துத்தான் பாபகூராவிலிருந்து எங்கள் அண்ணை வந்தார்.

எங்கள் சொந்த அண்ணை இல்லை; ஒக்லண்ட் தமிழர் எல்லோருக்கும் அண்ணை. மன்னார்ப் பக்கத்து வேதக்காரர், கத்தோலிக்கர். தனிக்கட்டை. கல்யாணமோ செத்தவீடோ, சைவமோ வேதமோ, குசினி அவர் கையில்தான். அன்று லீவு என்பதால், வறுத்து இடித்த மிளகாய்த்தூளை ஒரு போத்தலில் போட்டுக்கொண்டு ரயிலும் பஸ்ஸும் மாறி எங்கள் வீட்டுக்கு வந்திருக்கிறார். தட்டினார். பதில் இல்லை. கண்ணாடிக் கதவால் எட்டிப் பார்த்தார். உள்ளே நான். மாலையோடு. சிவப்பு விளக்கோடு.

வேறு மனிதர் என்றால் யாரையாவது விசாரித்திருப்பார். அண்ணை மிளகாய்த்தூளை வாசலில் வைத்தார், சிலுவை போட்டார், தெருமுனை டெய்ரிக்கு முன்னாலிருந்த தொலைபேசிக் கூண்டுக்குள் போனார். சில்லறை தீரும்வரை வெளியே வரவில்லை.

பின்னேரம் நான் பஸ்ஸால் இறங்கி, மழை அங்கியின் தொப்பியை இழுத்துவிட்டுக்கொண்டு சரிவில் நடந்து வந்தேன். தெரு நிறையக் கார்கள். எங்கள் வீட்டுப் புல்வெளியில் எங்கள் சோபாச் செற்றி தூறலில் நனைந்துகொண்டிருந்தது. பக்கத்தில் ஆண்கள் கைகட்டி நின்றார்கள். குசினி யன்னலால் பருப்பு மணம்.

யுத்தம் நடந்த அந்த வருடங்களில் எங்கள் சனத்தின் வீட்டு வாசலில் இப்படிக் கார்கள் நின்றால், ஊரிலிருந்து செய்தி வந்திருக்கிறது என்று அர்த்தம். அப்பாவோ, அம்மாவோ, யாரோ. சுவரில் தொங்கும் என் படம் எனக்கு ஞாபகமே வரவில்லை. போய் வரிசையின் கடைசியில் நின்றேன். கையைக் கட்டிக்கொண்டேன். பக்கத்தில் நின்றவர் புது ஆள், தமிழ்நாட்டுக்காரர். நான் அவரைப் பார்த்ததில்லை.

"ஆருக்கு?" என்றேன் மெல்ல.

"இந்த வீட்டுக்காரர்தான் சார். காலைல போயிட்டார். ஹார்ட்டாம்."

போன உயிர் திரும்பி வந்தது. அப்பா இல்லை, அம்மா இல்லை, நான்தான். அந்த நிம்மதியைச் சொல்ல வார்த்தை இல்லை. அப்போதுதான் படமும் ஞாபகம் வந்தது. உடனே உண்மையைச் சொல்லியிருக்க வேண்டும். ஆனால் ஒரு மனிதனுக்குத் தன்னைப் பற்றிய அபிப்பிராயத்தைக் கேட்க இப்படிச் சந்தர்ப்பம் எத்தனைமுறை வரும்?

"ஹார்ட் இல்லீங்க," என்றார் முன்னால் நின்ற இன்னொருவர் திரும்பாமலே. "ஆபீஸ் மாடிப்படில வழுக்கி விழுந்துட்டாராம்."

"அந்தக் கந்தோரில மாடியே இல்லையே," என்றேன்.

"அதான் சார் விதி," என்றார் அவர்.

"ஆள் எப்பிடி?" என்று பக்கத்திலிருந்தவரைக் கேட்டேன்.

"தங்கமான மனுஷன் சார்."

"பழக்கமோ?"

"பார்த்ததே இல்ல. இப்பத்தான் போட்டோல பார்த்தேன். நல்ல களையான முகம். இப்ப முடியெல்லாம் கொட்டிப்போச்சுன்னு சொன்னாங்க. வாயைத் திறந்தா மூட மாட்டாராம், அடுத்தவங்களைப் பேசவே விட மாட்டாராம். ஆனா மனசு வெள்ளை."

"ஆர் சொன்னது, பேச விடமாட்டார் எண்டு?"

"எல்லாருமேதான் சார்."

இதற்கு மேல் கேட்கத் தேவையில்லை என்று பட்டது. பின்வழியால் குசினிக்குள் போனேன். அண்ணை பெரிய சட்டியில் தேங்காய்ப்பால் சொதி கொதிக்கவைத்துக்கொண்டு, நாலு பேருக்கு நாலு வேலை ஏவிக்கொண்டு நின்றார். கண் கலங்கியிருந்தது, வெங்காயம் என்று நினைத்தேன். பிறகு பார்த்தால் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தது வேறொருவர். அண்ணை என்னை நிமிர்ந்து பார்க்காமலே ஒரு தேத்தண்ணித் தட்டத்தை என் கையில் திணித்தார்.

"உதைப் பிடியும். முதல்ல உள்ளுக்க இருக்கிற பொம்பிளையளுக்கு, பேந்து வெளியில. சீனி காணாட்டிக் கேக்கச் சொல்லும்."

அண்ணை சொன்னால் செய்துதான் பழக்கம். எந்த வைபவத்திலும் எனக்குத் தருகிற வேலையும் அதுதான். ஆகவே மழை அங்கித் தொப்பியைக்கூடக் கழற்றாமல் என் செத்தவீட்டில் நானே தேத்தண்ணி பரிமாறினேன். முன்னறையில் வெள்ளைத்துணி விரித்துப் பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். படத்துக்குக் கீழேயே இருந்தவர் பிள்ளைகளுக்குப் பாட்டுச் சொல்லிக் கொடுக்கும் அக்கா. ஊரில் இருந்த மட்டும் ஒப்பாரியே தெரியாதவர், இங்கே வந்து தேவை கருதிப் பழகியவர். நல்ல சுருதியில் என்னை அழைத்துக்கொண்டிருந்தார். நான் குனிந்து கோப்பையை நீட்டினேன். பாட்டை நிறுத்தினார்.

"தாங்ஸ் தம்பி," என்றார். ஒரு வாய் குடித்தார். சுவரைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். மறுபடி சுவரை.

அந்தக் கோப்பை போன தூரத்தை நான் அளக்கவில்லை. ஆனால் மரவீட்டின் உட்கூரையில் தேத்தண்ணிக் கறை நாங்கள் வீடு மாறும்வரை இருந்தது.

அண்ணை அகப்பையோடு ஓடிவந்தார். இந்தமுறை என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"நீர் செத்ததெல்லோ?" என்றார் அண்ணை, கொஞ்சம் கோபமாக.

"எனக்கு ஒருத்தரும் சொல்லேல்லை அண்ணை."

"படத்தில மாலை கிடக்கு!"

"அது ஜேர்மன்காரர் போட்டது."

"ஜேர்மன்காரர் ஏன் உமக்கு மாலை போடோணும்?"

நல்ல கேள்வி. "ஆரையாவது ஒரு சொல்லுக் கேட்டிருக்கலாமே அண்ணை, உண்மையாச் செத்ததோ எண்டு?"

"மாலை போட்ட படத்துக்கு முன்னால நிண்டு ஆர் செத்தது, எப்ப செத்தது எண்டு கேக்கிறதோ? நல்ல பண்பு!" என்றவர், சட்டென்று வாயில் கை வைத்தார். "ஐயோ மாதாவே. உம்மட மனுசிக்குச் சொல்லிப்போட்டன்."

"செத்திட்டன் எண்டோ?"

"சீ! அப்பிடி நேர சொல்லுவினமோ? கொஞ்சம் சுகமில்லை, பயப்பிடாம உடன வாங்கோ எண்டுதான் சொன்னனான்."

எங்கள் சனத்தில் 'கொஞ்சம் சுகமில்லை, பயப்படாமல் வாங்கோ' என்றால் என்ன அர்த்தம் என்று பால்குடிக்கும் பிள்ளைக்கும் தெரியும். நான் தட்டத்தோடு வாசலுக்கு ஓடினேன். அதே நேரம் முதியோர் இல்லத்து மேற்பார்வையாளரின் கார் புல்வெளியில் ஏறி நின்றது. மனைவி இறங்கினாள். வெள்ளைச் சீருடை, அழுது வீங்கிய முகம். செற்றியைப் பார்த்தாள், ஆண்களைப் பார்த்தாள், கடைசியாக வாசலில் தேத்தண்ணித் தட்டத்தோடு நின்ற என்னைப் பார்த்தாள்.

மெதுவாக வந்தாள். தட்டத்தை வாங்கிப் பக்கத்தில் நின்ற தமிழ்நாட்டுக்காரரிடம் கொடுத்தாள். பிறகு என் முதுகில் வைத்தாள் ஒன்று. செத்தவனுக்கும் கேட்கும்.

"ஓ," என்றார் தட்டத்தோடு நின்றவர். "சார்தானா அது?"

அவள் ஈரச் செற்றியில் போய் உட்கார்ந்தாள். அழுகிறாளா சிரிக்கிறாளா என்று யாருக்கும் தெரியவில்லை; அவளுக்கும் தெரிந்திருக்காது. அந்த நிலைமையில்தான் டாக்சி ஒன்று வந்தது. ஜேர்மன்காரர் இறங்கி, கதவைத் திறந்துவிட, தயாரிப்பாளர் அம்மையார் இறங்கினார். நீண்ட பறப்பில் கசங்கிய கோட், கண்ணாடி, சிரிப்பையே அறியாத வாய். தன் காட்சிக்குத் தேவையான தனிமைக்குப் பதிலாக முழு ஊரும் நிற்பதைப் பார்த்த ஜேர்மன்காரர் வாயைத் திறந்தபடி நின்றார்.

நான் நடந்ததைச் சொன்னேன். மனைவியும் கேட்டுக்கொண்டிருந்தாள், அவளுக்கும் அப்போதுதான் முழுக்கதை தெரிந்தது. எழுந்து வந்தாள்.

"கீழ் மனுசனுக்கு நீங்களே இங்கிலிசில சொல்லுங்கோ, எனக்கு இப்ப வராது," என்றாள் என்னிடம். "ஒண்டும் கூட்டாமச் சொல்லுங்கோ. ஊரில எங்கட வீட்டு முன்னறையில என்ர தம்பியின்ர படம் மாலையோட இருக்கு. நான் அதை இன்னும் போய்ப் பாக்கேல்லை. அது உண்மை. பொய்க்கு ஒரு மாலையைப் போட்டு, அதுக்கு முன்னால ஒருத்தி நிண்டு நடிச்சு அழுறதை நான் இருக்கிற வீட்டில வைக்க வேண்டாம். வேற வீட்டில வைச்சாலும், இவரின்ர படத்தை வைக்க வேண்டாம்."

ஒன்றும் கூட்டாமல் சொன்னேன். என் வாழ்நாளில் அப்படிச் சொன்னது அந்த ஒரு தடவைதான்.

ஜேர்மன்காரர் உள்ளே போனார். தானே மாலையைக் கழற்றினார். விளக்கை அணைத்தார். கோட்டுப் பையில் இருந்த இதயக் காட்சி மட்டையை எடுத்து இரண்டாகக் கிழித்துத் திரும்பப் பைக்குள் வைத்தார். அது இல்லாமல் மீதிக் கதை வெறும் சூப் என்று அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அம்மையாருக்குத்தான் தெரியாது. அவரை அண்ணை ஏற்கனவே நிலத்தில் உட்காரவைத்து, மடியில் ஒரு தட்டும் கொடுத்துவிட்டார். சமைத்த சாப்பாட்டை வீணாக்குவதற்கு அண்ணை எந்தச் சமயத்திலும் சம்மதிக்கமாட்டார்.

அம்மையார் சோற்றில் சொதியை ஊற்றி ஒரு வாய் சாப்பிட்டார். நிமிர்ந்தார்.

"சரி," என்றார். "கதை என்ன? நான் ஞாயிற்றுக்கிழமை திரும்புகிறேன்."

ஜேர்மன்காரர் சுவரோரமாக நின்றார். முகம் கழுவின சிலேட்டு மாதிரி இருந்தது. "கொலை இல்லை," என்றார். "என்னிடம் கொலை இல்லை. இந்த மனிதனைக் கொல்ல எனக்கு அனுமதி இல்லை."

"அப்படியானால்?"

எல்லோரும் அவரைப் பார்த்தோம். அவர் யன்னலுக்கு வெளியே பார்த்தார். மழை விட்டு, வெயில் அடித்து, மறுபடி தூறத் தொடங்கியிருந்தது.

"ஒரு மனிதன் வேலை முடிந்து வீட்டுக்கு வருகிறான்," என்றார் மெதுவாக. "அவனுடைய செற்றி புல்வெளியில் நனைகிறது."

அம்மையார் மெல்லுவதை நிறுத்தினார்.

"ஆட்கள் நிற்கிறார்கள். இவனும் போய் நிற்கிறான். யார் செத்தது என்று கேட்கிறான்."

"இல்லை, இல்லை," என்றேன் நான். "முதல் ஹார்ட் எண்டு சொல்லோணும். பேந்துதான் மாடிப்படி."

"அடுத்தவங்களைப் பேச விடமாட்டாருன்னு சொன்னாங்க, சரியாத்தான் இருக்கு," என்றார் தமிழ்நாட்டுக்காரர்.

அண்ணை தான் தட்டம் கொடுத்த இடத்தை எழுந்து நின்று நடித்துக் காட்டினார். பாட்டு அக்கா, அழுகையில் சுருதி எங்கே நின்றது என்பதைப் பாடியே காட்டினார். ஜேர்மன்காரர் எங்கள் நடுவில் நடந்து நடந்து, கொடியில் மட்டை மாற்றுகிற மாதிரி எங்களை இடம் மாற்றிக்கொண்டிருந்தார்: தட்டம் பிறகு, செற்றி முதலில், கார் கடைசியில். அம்மையார் முகத்தில் ஒரு அசைவும் இல்லை. எனக்குக் கலங்கரை விளக்கம் ஞாபகம் வந்தது. முடிந்தது மனிதரின் கதை என்று நினைத்தேன்.

"அவள் வருகிறாள்," என்றார் ஜேர்மன்காரர். "அவனைப் பார்க்கிறாள். அதன் பிறகு..." நின்றுவிட்டார். முடிவு வரவில்லை. மனைவியைப் பார்த்தார்.

மனைவி கதவோரம் நின்றுகொண்டிருந்தாள். பிறகு வந்து, எல்லோர் முன்னிலையிலும், என் முதுகில் இன்னொன்று வைத்தாள். முதலாவதைவிடப் பலமாக.

அம்மையாருக்குப் புரைக்கேறியது. அண்ணை தலையில் தட்டினார், அக்கா தண்ணீர் கொடுத்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபோதுதான் அவர் சிரித்துக்கொண்டிருப்பது எங்களுக்கு விளங்கியது. சத்தமே வராமல், தோள்மட்டும் குலுங்கி. கண்ணீர் வழிந்தது. அம்மையார் அழவேண்டும் என்றுதானே ஜேர்மன்காரர் ஆசைப்பட்டார்.

"எழுதுங்கள்," என்றார். "யாரும் சாகக்கூடாது."

"செத்ததெண்டு கதை வந்தா ஆயுசு கூடும்," என்றார் அண்ணை என்னிடம், எல்லாம் தன் ஏற்பாடுதான் என்ற தோரணையில். "இனி உமக்குப் பயமில்லை. செற்றியைத் தூக்கும்."

அடுத்த கோடையில் படம் எடுத்தார்கள். கதாநாயகனாக நான்தான் என்று எல்லர்ஸ்லிக் கந்தோர் முழுக்கச் சொல்லி வைத்திருந்தேன். இத்தாலியன் ஒருவன் வந்து இறங்கினான், அலையலையான தலைமயிரோடு. மாப்பிள்ளைப் படத்தைப் பார்த்துத் தெரிவுசெய்தார்களாம். ஜேர்மன்காரர் வெட்கப்பட்டு எனக்கும் ஒரு வேடம் கொடுத்தார். புல்வெளியில் கைகட்டி நின்று, "தங்கமான மனிதர். நான் பார்த்ததே இல்லை," என்று சொல்ல வேண்டும். திரும்பத் திரும்ப எடுத்தார்கள். ஒவ்வொரு தடவையும் நான் இரண்டு வசனம் கூட்டிச் சொன்னேனாம்.

படத்தின் கசெற்றை அனுப்பியபோது கூடவே ஒரு செய்தியும் அனுப்பியிருந்தார். அங்கே மக்கள் சிரித்தார்களாம். வெள்ளிக்கிழமை இரவே போட்டார்களாம். இனிச் சிரிப்புக் கதையாகவே கேட்கிறார்களாம். பல்வைத்தியரும் பேசத் தொடங்கிவிட்டார்.

முன்னறையில் நானும் மனைவியும் அண்ணையும் இருந்து பார்த்தோம். செற்றி வந்தது, மழை வந்தது, குசினி வந்தது. அண்ணையாக நடித்தவர் பெரிய சட்டியில் கிண்டிக்கொண்டிருந்தது சொதி இல்லை. சூப்.

"காய்கறிச் சூப்," என்றார் அண்ணை, திரைக்கு அருகில் போய்ப் பார்த்துவிட்டு. "செத்தவீட்டுக்குப் பரவாயில்லை. மச்சம் போடேல்லை."

பிறகு நான் வந்தேன். வாயைத் திறந்தேன். உள்ளேயிருந்து ஒரு ஜேர்மன்காரனின் குரல் வந்தது, கிணற்றடியிலிருந்து வருகிற மாதிரி ஆழமாக, கம்பீரமாக. இரண்டே வசனம். அதோடு வாய் மூடிக்கொண்டது.

மனைவி கசெற்றைப் பின்னுக்கு ஓட்டி, அந்த இடத்தை மறுபடி போட்டுப் பார்த்தாள்.

"நல்ல மனுசன்," என்றாள்.

மாப்பிள்ளைப் படத்தைச் சட்டத்திலிருந்து கழற்றி, அலுமாரியில் சாறிகளுக்கு அடியில் திரும்பவும் வைத்துப் பூட்டினாள். அந்தத் திறப்பு எங்கே இருக்கிறது என்பது எனக்கு இன்றுவரை தெரியாது.